பாடல்: இழையார் மரபு

இல்லாத ஊர் ஒன்றுக்கு மூன்று வருடம் நான் ராணியாக இருந்தேன். அந்த ஊர்க்காரர்களுக்கு இழையார் என்று பெயர் வைத்திருந்தேன். மேகம் வந்து உட்காரும் மலை ஒன்றின் மேல் அவர்களைக் குடிவைத்தேன். நெசவைத் தவிர வேறு தொழில் தெரியாத கூட்டம். தறிக்குப் பாவு போடுகிற நாளில் அங்கே யாரும் பொய் சொல்லக் கூடாது. செத்தவர்களின் பெயரைத் துணியின் கரையில் நெய்து வைக்க வேண்டும். பனிமூட்டத்துக்கு மட்டும் அவர்களிடம் பதினான்கு சொற்கள். எல்லாம் என் சொந்தக் கற்பனை. கதை கேட்பதற்கென்று இருக்கும் ஒரு செயலியில், மாதம் ஒரு பகுதியாக நானே எழுதி, நானே வாசித்து ஏற்றிக்கொண்டிருந்தேன்.

நெசவைப் பற்றி எனக்கு என்ன தெரியும் என்று கேட்டால், ஒன்றும் தெரியாது. கர்நாடகத்தில் ஹனூர்ப் பக்கம் எங்கள் அப்பா பட்டுப்புழு வளர்த்தார். கூடு கட்டி முடிந்ததும் சந்தைக்கு ஏற்றிவிடுவோம். நூலாவதும் துணியாவதும் வேறு யார் வீட்டுக் கதையோ. தறியில் ஒரு நாளும் உட்கார்ந்ததில்லை. எல்லாம் செல்போனில் வீடியோ பார்த்துத் தெரிந்துகொண்டதுதான். ஆனால் அந்த மலை ஊரின் ஒவ்வொரு சந்தும் எனக்கு அத்துப்படி. மைசூரில் பதினைந்து வருடம் குடியிருந்தும் இன்னும் வழி கேட்டுத்தான் போகிறேன். அங்கே கண்ணை மூடிக்கொண்டு நடப்பேன்.

அக்ரஹாரத்தில் எங்கள் வீடு. மாடியில் நாங்கள், கீழே கொழுந்தனார் குடும்பம். பகலில் நான் ஒரு ஸ்கேன் சென்டரின் வரவேற்பில் டோக்கன் எண்ணைக் கூப்பிட்டுக்கொண்டிருப்பேன். பதிவு செய்வதெல்லாம் ஞாயிறு மதியம் இரண்டு மணியிலிருந்து மூன்றரை வரை. அந்த நேரத்தில்தான் தெரு முழுக்கச் சாப்பிட்டுப் படுத்திருக்கும். ஃபேனை நிறுத்திவிட்டு, எதிரொலி வராமலிருக்கப் புடவை அலமாரியின் இரண்டு கதவையும் திறந்து, அவற்றின் மேல் ஒரு போர்வையைப் போட்டுக்கொண்டு, புடவைகளுக்கு நடுவே தலையை விட்டு வாசிப்பேன். வேர்த்து ஊற்றும். என் வீட்டுக்காரர் அந்தப் பக்கமே வரமாட்டார். தொடரில் முப்பது பகுதி போனது. முப்பதில் ஒன்றைக்கூட அவர் கேட்டதில்லை. அதற்கு நான் வருத்தப்பட்டதும் இல்லை, அப்போது.

வினை ஐந்தாவது பகுதியில் ஆரம்பித்தது. துணி நெய்து முடிந்து தறியிலிருந்து இறக்கும்போது இழையார் ஒரு பாட்டுப் பாடுவார்கள், அது முடிகிற வரை துணியில் கத்தரிக்கோல் படக் கூடாது என்று எழுதினேன். அதோடு விட்டிருக்கலாம். அந்தப் பாட்டைக் கேட்டால் மலைச்சரிவில் மழைகூட நின்று கேட்கும் என்று வாய்க்கொழுப்பில் ஒரு வரி சேர்த்துவிட்டேன். முப்பத்தொன்றாவது பகுதியில் கதைநாயகியின் துணி தறியை விட்டு இறங்க வேண்டும். மழை நிற்கிற பாட்டு எங்கே?

பதினோரு பாட்டு எழுதினேன். ‘மெய்யிழை போற்றி, பொய்யிழை நீக்கி’ என்று ஆரம்பித்தது ஒன்று. ‘ஊடையும் பாவும் உயிரென ஓதி’ என்று இன்னொன்று. எழுதும்போது எனக்கே புல்லரித்தது. சென்னையில் இருந்துகொண்டு என் தொடரைப் பார்த்துக்கொள்ளும் செயலிக்காரப் பெண், பதினொன்றையும் படித்துவிட்டுப் போன் செய்தாள். “மேடம், தப்பா எடுத்துக்காதீங்க. மனப்பாடப் பகுதி மாதிரி இருக்கு,” என்றாள். தப்பாகத்தான் எடுத்துக்கொண்டேன்.

அன்று சாயங்காலம் மொட்டை மாடியில் உலர்த்திய துணியை எடுக்க என் ஓரகத்தி, கீழ்வீட்டுக் கொழுந்தனாரின் மனைவி, வந்தாள். மைசூரிலேயே பிறந்து வளர்ந்த தமிழ்ப் பெண். எல்கேஜி பிள்ளைகளுக்கு டீச்சர். தமிழ் பேசுவாள், எழுத்துக் கூட்டித்தான் படிப்பாள். கன்னடம் என்றால் கடகடவென்று வரும். என் தொடரை ஒரு பகுதி விடாமல் கேட்பவள் அந்த வீட்டில் அவள் ஒருத்திதான். சமைத்துக்கொண்டே கேட்பாள். எனக்கு யாரிடமாவது புலம்ப வேண்டியிருந்தது. பதினோராவது பாட்டை அவளுக்குப் படித்துக் காட்டினேன்.

துணிக் கிளிப்புகளை முந்தானையில் போட்டுக்கொண்டே கேட்டாள். “அக்கா, அந்த சனங்க யாரைப் பார்த்துப் பாடறாங்க?”

“நெசவுக்குச் சாமி இருக்குதல்ல, அதைப் பார்த்து.”

“அந்தச் சாமிக்கிட்ட என்ன கேக்கறாங்க?”

அதை நான் யோசித்திருக்கவில்லை. சாமிக்கு எத்தனை கை, எந்தக் கையில் தறி நாடா, எல்லாம் நோட்டில் இருந்தது. என்ன கேட்பார்கள் என்பது இல்லை.

“ஒரு வருஷம் உக்காந்து நெய்ஞ்ச துணி, அறுக்கறதுக்குப் பயமா இருக்குமல்வா அக்கா?” என்றாள். பிறகு என் வீட்டுக்காரரின் லுங்கியை உதறி மடித்துக்கொண்டே, பிள்ளைகளைத் தூங்கவைக்கிற மாதிரி மெதுவாகப் பாட ஆரம்பித்தாள். அவள் பாடியதை அப்படியே எழுதுகிறேன்.

எடுத்தது உங்கிட்ட, குடுக்கறது உங்கிட்ட,
நடுவுல நாங்க சொல்ப கை வெச்சோம்.
கோணலா இருந்தா எங்களோடது,
நேரா இருந்தா உன்னோடது.
இன்னும் அறுக்கல, இன்னும் அறுக்கல,
அறுக்கற வரைக்கும் உன்னோடது.

லுங்கி மடிந்து முடிவதற்குள் பாட்டும் முடிந்துவிட்டது. எனக்குக் கை மயிர் சிலிர்த்துக்கொண்டது. அதே நிமிடத்தில் வயிறும் எரிந்தது. இழையாரை மூன்று வருடமாகச் சோறு ஊட்டி வளர்த்தவள் நான். அவர்கள் வாய் திறந்தபோது என் குரலில் பேசவில்லை, கிளிப்பை முந்தானையில் முடிந்துகொண்டு நின்ற இவள் குரலில் பேசினார்கள்.

“பரவால்ல புள்ள,” என்றேன்.

“நல்லா இல்லன்னா விட்ருங்க அக்கா. நம்ம கிளாஸ் பாட்டு மாதிரி தோணிச்சு, பாடினேன்,” என்று துணி மூட்டையைத் தூக்கிக்கொண்டு இறங்கிப் போனாள். அவள் போன பிறகு ஓடிப்போய் எழுதி வைத்தேன். ஒரு வரி மறந்துவிடுமோ என்று பதறினேன். பொறாமைப்படுகிறவளுக்கு அந்தப் பதற்றம் எதற்கு என்று நீங்கள் கேட்கலாம். எனக்கும் தெரியவில்லை.

முதலில் அதைத் திருத்தப் பார்த்தேன். கொஞ்சம் என்பதற்கு அவள் பழக்கத்தில் ‘சொல்ப’ என்று கன்னடத்தைப் போட்டிருந்தாள். மலைமேல் வாழும் புராணத்து மக்கள் மைசூர்க் கன்னடம் பேசலாமா? ‘சற்றே’ என்று மாற்றினேன். பாட்டு விறைத்துப் படுத்துக்கொண்டது. ‘கொஞ்சம்’ என்று மாற்றினேன்; தாளம் நொண்டியது. திரும்ப ‘சொல்ப’வையே வைத்தேன். அடுத்து, நானே பாடிப் பதிவு செய்து சென்னைக்கு அனுப்பினேன். பாட்டு பிரமாதம் என்று அந்தப் பெண் துள்ளினாள். “ஆனா குரல் மட்டும், டோக்கன் கூப்பிடற மாதிரி இருக்கு மேடம். வேற யாராவது பாடுவாங்களா?” என் வேலை என்னவென்று அவளிடம் நான் சொன்னதே இல்லை.

ஞாயிறு மதியம் ஓரகத்தி என் புடவைகளுக்கு நடுவே தலையை விட்டு ஒரே தடவையில் பாடி முடித்தாள். வேர்க்கக்கூட இல்லை அவளுக்கு.

பகுதியை ஏற்றும்போது சில கட்டங்களை நிரப்ப வேண்டும். கதை, என் பெயர். குரல், என் பெயர். அடுத்த கட்டம், பாடல். அவள் பெயரின் முதல் எழுத்தை அடித்தேன். கை நின்றது. என் பெயருக்குக் கீழே அவள் பெயர் உட்காரப் போகிறது. நாளைக்கு அந்தப் பெயரைத்தான் பார்ப்பார்கள் என்று உள்ளே ஒன்று சொன்னது. அடித்த எழுத்தை அழித்துவிட்டு, ‘இழையார் மரபு’ என்று போட்டேன்.

கீழே அவள் செல்போனில் பகுதி வந்ததும் மேலே வந்தாள். “அக்கா, பாட்டுன்னு இருக்கற இடத்தில இழையார்னு போட்டிருக்கு?” என்றாள். கேட்டதில் குற்றம் சொல்கிற தொனி இல்லை. எழுத்துக் கூட்டிப் படித்ததில் ஏதாவது பிசகோ என்றுதான் கேட்டாள்.

“சாமி பாட்டுக்கு ஆள் பேரு போடக் கூடாது புள்ள. அந்த சனங்க வழக்கம் அது. ஆரு பாடினாங்கன்னு வெளிய சொன்னா பாட்டோட சத்து போயிரும்.”

“ஓ! நல்லாருக்கே அக்கா,” என்றாள்.

அந்த வழக்கத்துக்கு அப்போது வயது அரை நிமிடம்கூட ஆகவில்லை. பொய்யைப் பூசி மெழுக அடுத்த பகுதியில் அதற்கென்றே ஒரு காட்சி எழுதினேன். பாட்டைத் தன்னுடையது என்று சொன்ன ஒருத்தியின் தறியில் நூல் எல்லாம் அறுந்து விழுகிறது. ஊரே அவளை ஒதுக்கிவைக்கிறது. நன்றாகவே வந்திருந்தது அந்தக் காட்சி. என் சொந்த ஊரின் சட்டத்தை எனக்கு வேண்டிய மாதிரி வளைத்துக்கொண்டேன். என்னை யார் கேட்பது?

அதன் பிறகு நடந்ததைச் சொல்ல எனக்கே பிடிக்கவில்லை. வழக்கமாக என் பகுதிக்குக் கீழே பத்துப் பேர் நாலு வார்த்தை எழுதுவார்கள். இந்தப் பகுதிக்கு விடாமல் வந்துகொண்டே இருந்தது. எல்லாம் பாட்டைப் பற்றி. ஒருவர், அம்மாவின் பழைய புடவையைத் தலையணை உறைக்கு வெட்டும் முன் இதைப் போட்டுக் கேட்டேன், அழுதுவிட்டேன் என்று எழுதினார். இன்னொருவர், ‘சொல்ப’ என்பது இழையாரின் ஆதிச் சொல்லா, அதற்குப் பொருள் என்ன என்று கேட்டார். நாட்டுப்புறப் பாடல் சேகரிக்கிற ஒருவர், எந்த மாவட்டத்து நெசவாளர்களிடம் எடுத்தீர்கள் என்று கேட்டு நீளமாகக் கடிதம் போட்டார். ‘வாய்மொழியாகக் கிடைத்தது’ என்று பதில் எழுதினேன். அதில் பொய் ஏதும் இல்லை, பாருங்கள்.

பதினான்கு பனிமூட்டச் சொற்களைப் பற்றி ஒருவரும் கேட்கவில்லை.

ஒரு நாள் காலையில் என் வீட்டுக்காரர் குளியலறையில் தண்ணீர் மொண்டு ஊற்றிக்கொண்டே, ‘இன்னும் அறுக்கல, இன்னும் அறுக்கல’ என்று முனகினார். நான் வெளியே காபி டம்ளரோடு நின்றேன். “ஏனுங்க, அதை எங்க கேட்டீங்க?” என்றேன். “கீழ தம்பி போட்டுட்டிருந்தான். நல்லாருக்கே! உன்னோட கதையில வர்றதாமா?” என்றார் உள்ளேயிருந்து. டம்ளரை வாசற்படியில் வைத்துவிட்டு வந்துவிட்டேன். அன்று அவர் ஆறிய காபிதான் குடித்தார்.

விட்டுவிடவில்லை நான். சாயம் தோய்க்கும்போது ஒரு பாட்டு, பாவு போடும்போது ஒரு பாட்டு என்று அடுத்த பகுதிகளில் நானே எழுதிச் சேர்த்தேன். அவள் மாதிரியே எளிமையாக எழுதுகிறேன் என்று நினைத்து எழுதினேன். ‘அந்த முதல் பாட்டே போதும் மேடம்’ என்று யாரோ எழுதினார்கள். அதை எழுதியவர் வேறு ஏதும் கெட்டது செய்யாத மனிதராகவே இருக்கலாம். இன்றுவரை அவரை எனக்குப் பிடிக்காது.

அவளோ ஒன்றுமே நடக்காத மாதிரி இருந்தாள். பள்ளிக்கூடத்தில் கலர் பேப்பர் வெட்டும் முன்பு பிள்ளைகள் எல்லாரும் கத்தரிக்கோலை மேசையில் வைத்துவிட்டு அந்தப் பாட்டைப் பாடுகிறார்களாம். முக்கால்வாசிப் பேர் கன்னடப் பிள்ளைகள். ‘சொல்ப’ வரும்போது மட்டும் புரிந்து சத்தமாகக் கத்துகிறார்களாம். “யாரு சொல்லிக் குடுத்த பாட்டு மிஸ்ஸுன்னு கேக்கறாங்க அக்கா. மலைமேல இருக்கற சனங்கன்னு சொல்லிட்டேன்,” என்று சிரித்தாள். என் சட்டத்தை அவ்வளவு சுத்தமாகக் கடைப்பிடித்தாள். அதுவும் எனக்கு எரிச்சலாக இருந்தது. நான் உண்டாக்கிய ஊரை என்னைவிட அவள் அதிகமாக நம்பினாள்.

அப்புறம்தான் ஸ்ரீரங்கப்பட்டணத்திலிருந்து அந்த அழைப்பு வந்தது. தொடரை விடாமல் கேட்கிற ஒரு தமிழ்ப் பெண், அங்கே தையல் கடை திறக்கிறார். முதல் துணியை வெட்டும்போது இழையார் பாட்டைப் பாடித்தான் வெட்டப் போகிறேன், நீங்கள் வந்து நிற்க வேண்டும் என்று கேட்டார். நீங்கள் என்றால் நான். எனக்கு வண்டி ஓட்டத் தெரியாது. ஓரகத்தியிடம்தான் ஸ்கூட்டர் இருந்தது. “போலாம் அக்கா, ஞாயித்துக்கிழமைதானே,” என்றாள். நல்ல புடவையாகப் பார்த்துக் கட்டிக்கொண்டு வந்தாள்.

கோயில் தெருவை ஒட்டிய சின்னக் கடை. வாசலில் மாவிலை, உள்ளே இரண்டு மிஷினுக்கும் சாமந்திப் பூ. பதினைந்து இருபது பெண்கள் நின்றிருந்தார்கள். மேசையில் மஞ்சள் ரவிக்கைத் துணி விரித்திருந்தது. அதன் மேல் குங்குமம் வைத்த கத்தரிக்கோல். கடைக்காரம்மா கைகூப்பிக்கொண்டு பாட ஆரம்பித்தார். சுமாரான குரல்தான். ஆனால் ‘இன்னும் அறுக்கல’ வந்ததும் நின்றிருந்த எல்லாரும் சேர்ந்துகொண்டார்கள். தமிழ் தெரியாதவர்களும் சேர்ந்துகொண்டார்கள். என் பக்கத்தில் ஓரகத்தியின் உதடு மட்டும் அசைந்தது. சத்தம் வரவில்லை. கண் நிறைந்திருந்தது.

பாட்டு முடிந்து, கத்தரிக்கோல் ஒரு விரல் நீளம் ஓடியதும் கை தட்டினார்கள். கடைக்காரம்மா என்னைக் காட்டி எல்லாரிடமும் சொன்னார்: “இவங்க மூலமாத்தான் இந்தப் பாட்டு நமக்குக் கெடச்சுது. அந்தக் காலத்துப் பாட்டு. எந்தப் புண்ணியவதி பாடினதோ, பேருகூட இல்ல. அவங்க இப்ப இருந்தா கால்ல விழுந்து கும்பிடுவேன்.”

புண்ணியவதி என் இடது பக்கம், கைக்கெட்டும் தூரத்தில் நின்றிருந்தாள். நான் சொல்ல வேண்டியது இரண்டே வார்த்தை: இவதாங்க அது. வாய் வரைக்கும் வந்தது என்று எழுத ஆசையாக இருக்கிறது. வரவில்லை. தொண்டைக்குக்கூட வரவில்லை. அந்த இருபது பேரும் இவள் பக்கம் திரும்புவதையும், அந்தம்மா குனிந்து இவள் காலைத் தொடுவதையும், நான் ஓரமாக நின்று சிரித்துக்கொண்டிருப்பதையும் மனத்தில் பார்த்தேன். என்னால் ஆகாது என்று தெரிந்துவிட்டது. ஓரகத்தி திரும்பி என்னைப் பார்த்தாள். நான் மேசையில் இருந்த துணியைப் பார்த்தேன்.

அடுத்து அவள் குரல்தான் கேட்டது. “பழைய பாட்டெல்லாம் இல்லைங்க. எங்க அக்கா எழுதினது.”

எல்லாரும் என் பக்கம் திரும்பினார்கள். “அய்யோ, நீங்களா! இத்தனை நாள் சொல்லவே இல்லையே!” என்று கடைக்காரம்மா நிஜமாகவே குனிந்துவிட்டார். நான் அவர் தோளைப் பிடித்து நிறுத்தினேன். பிறகு என் இரண்டு கையும் தானாகச் சேர்ந்தன. இருபது பேருக்கும் பொதுவாக ஒரு கும்பிடு போட்டேன்.

வெட்கத்தை விட்டுச் சொல்கிறேன், இனித்தது. மூன்று வருடப் பசி. வெட்டிய மஞ்சள் துணியை வெற்றிலை பாக்கோடு தட்டில் வைத்து எனக்குக் கொடுத்தார்கள். வாங்கிக்கொண்டேன். ஒருமுறை நீங்கள் பாடுங்கள் என்றார்கள். “எனக்குத் தொண்டை சரியில்லீங்க, இவ பாடுவா,” என்றேன், ஏதோ பெரிய மனசு பண்ணி வாய்ப்புக் கொடுக்கிற மாதிரி. அவளும் பாடினாள். முழுப் பாட்டையும், ஒரு சொல் பிசகாமல், கண்ணைத் திறந்துகொண்டு. அக்கா எழுத, தங்கச்சி பாட, எப்படி ஒரு பொருத்தம் என்று யாரோ சொன்னார்கள். அதற்கும் சிரித்தேன்.

திரும்பும்போது காவிரிப் பாலம் தாண்டி ஓர் இளநீர் வண்டிக்காரரிடம் ஸ்கூட்டரை நிறுத்தினாள். இரண்டு இளநீர் சொன்னாள். சர்வீஸ் ரோட்டில் வண்டிகள் போய்க்கொண்டிருந்தன. அவள் ஏதாவது கேட்பாள், அதற்கு முன் நானே ஏதாவது சொல்லிவிட வேண்டும் என்று வழியெல்லாம் யோசித்துக்கொண்டு வந்திருந்தேன். நல்ல காரியம் பண்ணினே புள்ள, என் மானத்தைக் காப்பாத்தினே, அந்த மாதிரி ஏதோ. அவள் இளநீரைக் குடித்து முடித்தாள். மட்டையை வண்டிக்காரரின் கூடையில் போட்டுவிட்டு, வாயைத் துடைத்துக்கொண்டாள்.

“நான் சும்மா சொல்லிப் பார்த்தேன் அக்கா,” என்றாள். “இல்லைன்னு சொல்வீங்கன்னு நெனச்சேன்.”

கோபமாகச் சொல்லியிருந்தால் பதிலுக்கு நானும் கத்தியிருப்பேன். அப்படிச் சொல்லவில்லை. பிள்ளைகளின் சிலேட்டில் விடையைப் பார்த்துவிட்டுத் திருப்பிக் கொடுக்கிற மாதிரி சொன்னாள். பிறகு ஸ்கூட்டரைக் கிளப்பி, “ஏறுங்க அக்கா, வெயில் ஏறுது,” என்றாள்.

ஏறிக்கொண்டேன். அவள் தோளைப் பிடிக்கக் கை வரவில்லை. பின்னால் இருந்த கம்பியைப் பிடித்துக்கொண்டேன்.